அதிர்வு என்றால் ஏதாவது ஒன்று அதிரணும்

பல உலகங்கள் வருகிற ஃபேண்டஸி எழுதும் நம்ம ஆட்களோடு எனக்கு ஒரு சண்டை பாக்கி இருக்கிறது. ஓர் உலகத்திலிருந்து இன்னொன்றுக்குத் தாவணும் என்றால் உடனே ‘பிரபஞ்ச அதிர்வு’ வந்துவிடும். எது அதிர்கிறது, யார் தட்டியது, தட்டினவனுக்குக் கை வலித்ததா, ஒரு விவரமும் இருக்காது. நாயகன் கண்ணை மூடுவான், பின்னாடி நீல வெளிச்சம், சோலி முடிந்தது.

இந்தக் கற்பனையைப் பிரபலமாக்கியவர்கள் இவ்வளவு சோம்பேறிகள் இல்லை. மின்னல் வேகத்தில் ஓடும் ஃபிளாஷ் என்ற நாயகனின் 1961 காமிக்ஸ் ஒன்றில் இரண்டு பூமிகள் இருக்கும், இரண்டும் ஒரே இடத்தில்தான். அதிரும் வேகம் வேறு என்பதால் ஒன்றை ஒன்று பார்க்காது. குழந்தைகளுக்குக் கயிற்று வித்தை காட்டப் போன நாயகன், உடம்பை அளவுக்கு மீறி அதிரவிட்டு அந்தப் பக்கம் போய் விழுவான். அதாவது அதிர்வது அவன் எலும்பும் சதையும்.

கூடி உட்கார்ந்து ஆளுக்கொரு பாத்திரமாகக் கதை சொல்லி ஆடும் டன்ஜன்ஸ் அண்ட் டிராகன்ஸ் விளையாட்டில் இது இன்னும் கறார். வேறு உலகத்துக்குப் போகும் மந்திரத்துக்குக் கவை மாதிரி ஓர் உலோகக் கம்பி கையில் இருக்கணும். விளையாட்டின் ஐந்தாம் பதிப்பு விதிகளில் அதன் விலை குறைந்தது 250 பொற்காசு. போகிற உலகத்துக்கு ஏற்றபடி சுருதி சேர்த்த கம்பியாக இருக்கணும், ஒன்றை வைத்து எல்லா இடத்துக்கும் போக முடியாது. ஸ்கூல் லேபில் ரப்பர் கட்டையில் தட்டிக் காதோரம் வைத்தோமே, அந்த இசைக்கவையின் பங்காளிதான் இது. (இசைக்கவையை 1711-இல் செய்தவர் ஜான் ஷோர் என்ற டிரம்பெட்காரர். விஞ்ஞானி இல்லை, வாத்தியக்காரர். எனக்குப் பிடித்த தகவல்.) கம்பி தொலைந்தால் போன இடத்திலேயே கிடக்க வேண்டியதுதான். அந்தப் பயம் இருப்பதால்தான் ஆட்டம் சூடு பிடிக்கிறது.

தண்டையார்பேட்டையில் எங்கள் மொட்டைமாடி கோஷ்டி சொந்தமாக ஓர் உலகக் கூட்டத்தைக் கட்டி விளையாடுகிறது. கதவு திறக்கும் அதிர்வுக்கு ‘நெஞ்சடி’ என்று பெயர் வைத்தேன். வாத்தியம் பறை. சொன்னதுமே ஒருத்தன், “மச்சான், அது சாவு மேளம்டா. மேஜிக்குன்னா வீணை, சங்குன்னு ஏதாச்சும் வெய்யி” என்றான்.

என் கோபமே இங்கேதான். வீணை அதிர்ந்தால் தெய்விகம், கோயில் மணி அதிர்ந்தால் பாசிட்டிவ் எனர்ஜி, மாட்டுத் தோல் அதிர்ந்தால் மட்டும் தீட்டா? காசிமேட்டிலோ வியாசர்பாடியிலோ ஓர் இறுதி ஊர்வலத்துக்குப் பக்கத்தில் நின்றவர்களுக்குத் தெரியும், அந்த அடி காதுக்கு முன்னால் மார்கூட்டில் விழும். கொருக்குப்பேட்டை தண்டவாளத்து ஓர வீடுகளில் கூட்ஸ் வண்டி போகும்போது சில்வர் டம்ளர் தண்ணீரில் வட்டம் போடுமே, அந்த ரகம். உலகத்துக்கே கதவு திறக்கிற அதிர்வை இதை விட்டுவிட்டு வேறு எங்கே போய்த் தேடுவது? சாதி சொல்லிக் கொடுத்த காதை வைத்துக்கொண்டு புது உலகம் படைக்க உட்கார்ந்தால் பழைய உலகம்தான் வரும்.

அதோடு, பறையில் விதி தானாகவே கிடைக்கிறது. வாசிப்பதற்கு முன்னால் வைக்கோலோ பேப்பரோ கொளுத்தி அந்தத் தணலில் தோலைக் காட்டி வாட்டுவார்கள். ஈரம் போய்த் தோல் இறுகும், சத்தம் ஏறும். நடுவில் சுண்டிப் பார்ப்பார்கள், போதவில்லை என்றால் மறுபடி நெருப்பு. கடல் காற்று பட்டால் தோல் மறுபடி தொய்ந்துவிடும். இதையே அப்படியே ஆட்டத்துக்குள் எடுத்துக்கொண்டேன். சூடு இருக்கும்வரைதான் கதவு. காற்று ஈரமானால் கதவு சுருங்கும். உள்ளே மாட்டினவன் கதி அதோகதி. இன்னொன்று, அடிக்கிறவன் கை நிற்கக் கூடாது. அதனால் அவனால் தாண்டிப் போக முடியாது. மற்றவர்களை அனுப்பிவிட்டு இந்தப் பக்கமே நிற்கணும். யார் பறையைப் பிடிப்பது என்று நடந்த தகராறில் கீழ்வீட்டு ஆயா மேலே ஏறி வந்துவிட்டார்.

இதில் ஹெர்ட்ஸ் வியாபாரம் வேறு. 432-இல் கேட்டால் நோய் தீரும், 528-இல் கேட்டால் செல் புதுசாகும் என்று யூடியூபில் மணிக்கணக்காக ஓடுகிறது. ஹெர்ட்ஸ் என்பது ஒரு வினாடிக்கு எத்தனை அதிர்வு என்ற கணக்கு. அந்த வினாடியே மனுஷன் வசதிக்குப் பிரித்துக்கொண்டதுதான். ஒரு நாளை இன்னும் பொடியாக வகுத்திருந்தால் அதே சத்தத்துக்கு வேறு எண் வந்திருக்கும், அப்போது அந்த எண்ணுக்கு மகிமை சொல்லியிருப்பார்கள். ஃபேண்டஸி எழுதுகிறவனாவது கற்பனை என்று சொல்லிவிட்டுப் பொய் சொல்கிறான். சரி, அதை விடுங்கள்.

இப்போது எங்கள் கோஷ்டியில் புதுப் பஞ்சாயத்து. இப்போதெல்லாம் ஃபைபர் தோல் போட்ட பறை வந்துவிட்டது, அதைக் காய்ச்ச வேண்டியதில்லை, மழையிலும் அடிக்கலாம், ஆகவே கதவு மூடவே மூடாது என்று வாதாடுகிறார்கள். முடியாது என்று சொல்லிவிட்டேன். நெருப்பு இல்லாமல் கதவு கிடையாது. “மெய்யா வாசிக்கிறவங்களே ஃபைபர் வெச்சிருக்காங்க, நீ என்னடா பெரிய இவன்” என்று கேட்கிறார்கள். அதற்கு மட்டும் இன்னும் என்னிடம் பதில் இல்லை.