எந்தக் காந்திமதி என்று கேட்கத் தெரியாத இணையதளம்

திருநெல்வேலியில் என் தங்கையின் திருமணத்துக்கு முதல் நாள் காலை, சென்னையிலிருந்து நெல்லை விரைவு ரயிலில் வந்து இறங்கிய எங்கள் பெரியம்மாவுக்குத் தங்குவதற்கு அறை இல்லை. அவர் வரமாட்டார் என்று எங்கள் கையில் இருந்த பட்டியல் சொன்னதால், அவருக்கென எடுத்து வைத்திருந்த அறையை மாப்பிள்ளை வீட்டாருக்குக் கொடுத்துவிட்டிருந்தோம். இரவு முழுவதும் பயணம் செய்து வந்த அந்த வயதான மனுஷி, பெட்டியைக் கீழே வைக்கக்கூட இடமில்லாமல் மண்டப வாசலில் நின்று, "வரமாட்டேம்னு நான் யாருகிட்டல சொன்னேன்?" என்று கேட்டபோது எனக்கு நா எழவில்லை. அவர் அப்படிச் சொல்லவே இல்லை. சொன்னவர் வேறொரு காந்திமதி.

திருமணத்துக்கு வருவோமா, எத்தனை பேர் என்று விருந்தினர்களே பதில் சொல்வதற்காகப் பணம் கட்டி நாங்கள் பயன்படுத்திய வருகைப் பதிவு இணையதளம் செய்த வேலை இது. விருந்தினர் பட்டியலை அதில் ஏற்றியபோது, எங்கள் பட்டியலில் இருந்த நான்கு காந்திமதிகளையும், ஒரே ஆளைத் தவறுதலாக நான்கு முறை எழுதிவிட்டோம் என்று தானாகவே முடிவு செய்து, ஒரு வார்த்தை கேட்காமல் ஒரே வரியாக்கிவிட்டது. அந்த வரியில் மிஞ்சியது முதலில் இருந்த பெரியம்மாவின் கைபேசி எண். அதன்பின் எந்தக் காந்திமதி தன் பெயரைத் தட்டிப் பதில் சொன்னாலும், அந்தப் பதில் முந்தைய பதிலை அழித்துக்கொண்டு அதே வரியில் போய் உட்கார்ந்தது. கடைசியாகப் பதில் அனுப்பியவர் அப்பாவுடன் வேலை பார்த்தவர். தன் பேத்தியின் காதுகுத்து அதே நாளில் இருப்பதால் வர இயலாது என்று நேர்மையாகத் தெரிவித்திருக்கிறார். அந்த நேர்மை எங்கள் பெரியம்மாவை வெளியே நிறுத்தியது. நானூறுக்கும் மேற்பட்ட பெயர்களுக்கு நடுவில் மூன்று பேர் காணாமல் போனதை நாங்கள் எப்படிக் கண்டுபிடித்திருக்க முடியும்?

ஆறுமுகங்களின் கதை இன்னும் மோசம். எங்கள் உறவில் மூன்று ஆறுமுகங்கள். ஒருவர் ஐந்து பேர் என்றும், ஒருவர் நான்கு பேர் என்றும், கடைசியாக ஒருவர் இரண்டு பேர் என்றும் பதிவு செய்ய, பதினொரு பேர் இரண்டு பேராகச் சுருங்கிவிட்டார்கள். சமையல் பொறுப்பில் இருந்த தவசுப்பிள்ளை எங்களிடம் கேட்டது ஒரே ஒரு எண்தான்: எத்தனை இலை? நாங்கள் கொடுத்த கணக்கை நம்பி அவர் அரிசி அளந்தார், காய் வெட்டினார். கடைசிப் பந்தியில் அவியல் இல்லை, பாயசம் இல்லை. இலை போட்டு உட்கார்ந்த உறவினர்களுக்கு முன்னால் என் அப்பா கைகூப்பி நின்றதை நான் மறக்கப் போவதில்லை.

இதைப் பற்றி அந்த நிறுவனத்துக்கு எழுதினேன். விருந்தினர்கள் தங்கள் குடும்பப் பெயரையும் சேர்த்துப் பதிவு செய்தால் இந்தக் குழப்பம் வராது என்று பதில் வந்தது. எந்தக் குடும்பப் பெயரை? 1929ஆம் ஆண்டு செங்கல்பட்டில் நடந்த சுயமரியாதை மாநாட்டில் சாதிப் பட்டத்தைப் பெயரோடு சேர்ப்பதை விட்டுவிட வேண்டும் என்று தீர்மானம் போட்டு, அதன்பின் தலைமுறை தலைமுறையாக அதை நடைமுறையாக்கிக் காட்டிய மண் இது. எங்களுக்கு இருப்பது தகப்பன் பெயரின் முதலெழுத்து. அதையும் அந்தத் தளம் விட்டுவைக்கவில்லை. பெயருக்கு முன் ஓர் எழுத்தும் புள்ளியும் வந்தால் பிழையென்று கழித்துவிடுகிறது. கழிக்காமல் விட்டிருந்தாலும் பாதிப் பயன்தான். தமிழில் சண்முகத்தின் மகன் ச. ஆறுமுகம், சுப்பையாவின் மகன் சு. ஆறுமுகம், செல்லையாவின் மகன் செ. ஆறுமுகம் என்று மூவரும் தனித்தனியே நிற்பார்கள். ஆங்கில எழுத்தை மட்டுமே ஏற்கும் அந்தப் பெட்டியில் மூவரும் எஸ். ஆறுமுகம்தான்.

ஒரே பெயர் பலருக்கு இருப்பதை ஏதோ அபூர்வமான விபத்து என்று நினைத்து இந்தத் தளங்களைக் கட்டியிருக்கிறார்கள் என்பதுதான் எனக்கு ஆத்திரமூட்டுகிறது. நெல்லையப்பர் கோயிலின் அம்மன் காந்திமதி. அந்தப் பெயர் இல்லாத தெரு எங்கள் ஊரில் இருக்காது. சங்கரன்கோவில் பக்கம் போனால் வீட்டுக்கு வீடு கோமதி. தாத்தாவின் பெயரைத் தாங்குகிறவன் என்பதால்தான் பேரனே பேரன், அதாவது பெயரன். ஒரு தாத்தாவுக்கு மூன்று மகன்கள் இருந்து மூன்று வீட்டிலும் அவர் பெயர் வைத்தால், ஒரே பெயரில் மூன்று பெயரன்கள் ஒரே கல்யாணத்துக்கு வருவார்கள். உறவின் நெருக்கம் கூடக் கூடப் பெயரும் ஒன்றாகும். இப்படிப்பட்ட கூட்டத்தை எண்ணுவதற்கென்றே விற்கப்படும் ஒரு கருவி, பெயரை மட்டும் வைத்து ஆளை அடையாளம் காண்பேன் என்று பிடிவாதம் பிடிப்பதை எப்படிப் பொறுத்துக்கொள்வது?

அதே மண்டபத்தில் மேசை போட்டு மொய் எழுதியவர் எங்கள் சித்தப்பா. அவரிடம் இருந்தது ஒரு நீளமான நோட்டும் பேனாவும் மட்டுமே. ஆறுமுகம் என்று யாராவது சொன்னால் அவர் உடனே ஊர் எது, தகப்பனார் யார் என்று கேட்டுத்தான் எழுதினார். மூன்று ஆறுமுகங்களும் அந்த நோட்டில் மூன்று வரிகளாகவே இருக்கிறார்கள்.

அந்தத் தளத்தாரிடம் நான் கேட்பது பெரிய தொழில்நுட்பம் எதுவும் இல்லை. ஒவ்வோர் அழைப்புக்கும் ஒரு தனி எண்ணோ தனி இணைப்போ கொடுங்கள். பெயரைத் தேடுகிறவருக்கு ஊரையும் உறவையும் சேர்த்துக் காட்டி, இது நீங்கள்தானா என்று கேளுங்கள். இரண்டு வரிகளை ஒன்றாக்கும் முன்பும், ஒரு பதிலை இன்னொரு பதிலால் அழிக்கும் முன்பும் கல்யாண வீட்டுக்காரரிடம் அனுமதி வாங்குங்கள். இதையெல்லாம் விரிவாக எழுதி அனுப்பி இரண்டு மாதங்கள் ஆகின்றன. வந்தது தானியங்கி ஒப்புகை மட்டுமே, அதுவும் என் பெயரில் முதலெழுத்து இல்லாமல்.