இந்தியாவில் வெங்காய விளைச்சல் வருடாவருடம் சரிகிறதா?

“இந்தியாவில் வெங்காய விளைச்சல் வருடாவருடம் குறைகிறது, இன்னும் சில ஆண்டுகளில் முழுவதும் இறக்குமதிதான், இப்போதே வாங்கி வையுங்கள்” என்று ஒரு வாட்ஸ்அப் செய்தி சுற்றுகிறது. இது தவறு.

2010-11இல் நாட்டின் விளைச்சல் சுமார் 151 லட்சம் டன். 2021-22இல் அது சுமார் 317 லட்சம் டன், அதாவது இரட்டிப்புக்கும் மேல். மறுவருடம் 302 லட்சம். சரி, அப்படியானால் வதந்தி எங்கிருந்து வந்தது? 2023-24இல் விளைச்சல் உண்மையிலேயே விழுந்தது, சுமார் 242 லட்சம் டன்னுக்கு. அந்த ஒற்றை வருடத்தைத்தான் நீட்டி முழக்குகிறார்கள். அடுத்த வருடமே, 2024-25 மதிப்பீட்டில், மறுபடி 300 லட்சத்தைத் தாண்டிவிட்டது.

விலை ஏறுவதால் விளைச்சலே இல்லை என்று நினைத்துவிடுகிறோம். மொத்த விளைச்சலில் முக்கால் பங்குக்கு நெருக்கமாக வருவது ரபி பருவ வெங்காயம், அதாவது குளிர்காலத்தில் நடுவது. மார்ச் முதல் மே வரை அறுவடை செய்து, பட்டறை போட்டு (காற்றோட்டமாகக் குவித்துச் சேமித்து) வைத்து, அக்டோபர் வரை அதைத்தான் சாப்பிடுகிறோம். இருப்பு அழுகும் நேரத்தில் அடுத்து வரவேண்டிய காரீப் பயிர், அதாவது மழைக்காலப் பயிர், மழையால் தாமதமானால் விலை எகிறும்.

வேளாண் அமைச்சகம் தோட்டக்கலைப் பயிர்களுக்கு வெளியிடும் பரப்பு, உற்பத்தி மதிப்பீடுகளில் யாரும் இதைச் சரிபார்க்கலாம். அந்தச் செய்தி உங்களுக்கு வந்தால் தயவுசெய்து மேற்கொண்டு அனுப்பாதீர்கள். மூட்டை மூட்டையாக வாங்கி வைத்தால் வீட்டில் முளைவிடும், அவ்வளவுதான்.