கட்டியவர்களின் கணக்கும் கட்டடத்தின் பொருள்தான்

கட்டடக்கலையில் வரும் குறியீடுகளை விளக்கும் நூல்களைத் தேடி வாங்கிப் படிக்கிறவன் நான். யாங்கோனின் பன்சோடான் தெரு நடைபாதைக் கடைகளில் கிடைத்த பழைய ஆங்கில நூல்களும், தமிழ்நாட்டுக்குப் போய்வரும் உறவினர்கள் வாங்கிவந்த சிற்ப சாத்திர உரைகளும் என் அலமாரியில் ஒரு தட்டை நிறைத்திருக்கின்றன. அவற்றோடு எனக்கு நெடுநாளாக ஒரு வழக்கு உண்டு. கோபுரம் இறைவனின் திருவடி, கருவறை உயிர் உறையும் இடம், தூபி மேருமலை என்று பக்கம் பக்கமாக விளக்குகிறவர்கள், அதை யார், எவருடைய பணத்தில், எந்த ஊர் மரத்தைக் கொண்டு கட்டினார்கள் என்ற கேள்வி வந்ததும், அது வரலாற்று ஆசிரியரின் வேலை என்று ஒதுங்கிக்கொள்கிறார்கள். பர்மாவில் வாழும் தமிழனுக்கு இந்தப் பாகப்பிரிவினை சரிப்பட்டு வராது என்பது என் கருத்து.

திசைகளையே பார்ப்போம். இன்ன திசைக்கு இன்ன கிரகம் என்பதை இயற்கையின் விதியைப் போல எழுதாத வாஸ்து நூல் அரிது. நம் கோயில்களின் நவக்கிரக மேடையில் சூரியன் நடுவில் நிற்க, கிழக்கே சுக்கிரன், தென்கிழக்கே சந்திரன், தெற்கே செவ்வாய், தென்மேற்கே ராகு, மேற்கே சனி, வடமேற்கே கேது, வடக்கே குரு, வடகிழக்கே புதன் என்று அமைந்திருக்கும். அங்கிருந்து யாங்கோனின் பெரிய பௌத்தக் கோயிலான ஷ்வேடகோன் பகோடாவுக்குப் போனால், தூபியைச் சுற்றி எட்டுத் திசைகளிலும் கிழமைக்கு ஒரு சந்நிதி இருக்கிறது. புதன்கிழமையை மட்டும் முற்பகல், பிற்பகல் என்று பிரித்துப் பிற்பகலை ராகுவுக்குக் கொடுத்திருக்கிறார்கள். அங்கே வடகிழக்கு ஞாயிற்றுக்கும் கருடனுக்கும் உரியது. கிழக்கில் திங்களும் புலியும், தென்கிழக்கில் செவ்வாயும் சிங்கமும், தெற்கில் புதனும் தந்தமுள்ள யானையும், தென்மேற்கில் சனியும் நாகமும், மேற்கில் வியாழனும் எலியும், வடமேற்கில் ராகுவும் தந்தமில்லாத யானையும், வடக்கில் வெள்ளியும் சீமைப்பெருச்சாளியும் இருக்கின்றன. பர்மிய சோதிடத்தில் நடுவிடம் கேதுவுக்கு உரியது. இரண்டு அமைப்புகளையும் ஒரே தாளில் வரைந்து பாருங்கள். ஒன்பது கிரகங்களில் ஒன்றுகூட ஒரே திசையில் அமையவில்லை.

இதனால் யாரும் குழம்பியதாகத் தெரியவில்லை. வியாழக்கிழமை பிறந்த நம் பெண்கள் காலையில் ஷ்வேடகோனின் மேற்கு மூலையில் தம் வயதுக்கு ஏற்ற எண்ணிக்கையில் நீர் வார்த்துவிட்டு, மாலையில் நம் கோயிலில் வடக்கே நிற்கும் குருவுக்குக் கொண்டைக்கடலை மாலை சாத்துகிறார்கள். திசைக்குப் பொருள் தருவது அங்கே வந்து வழிபடுகிறவர்களின் வழக்கமே என்பதை இதைவிடத் தெளிவாகக் காட்டும் சான்று எந்த நூலிலும் எனக்குக் கிடைக்கவில்லை.

கட்டியவரே தம் கட்டடத்தைப் பற்றிப் பேசும் சான்று ஒன்று பர்மாவின் பழைய தலைநகரான பகானில் கிடைத்திருக்கிறது. 13ஆம் நூற்றாண்டைச் சேர்ந்ததாகக் கணிக்கப்படும் அந்தக் கல்வெட்டு, குலசேகராழ்வாரின் முகுந்தமாலைச் சுலோகம் ஒன்றைக் கிரந்த எழுத்தில் சொல்லிவிட்டுத் தமிழுக்கு மாறுகிறது. மலைமண்டலத்து மகோதயர்பட்டணத்தைச் சேர்ந்த குலசேகர நம்பி என்பவர், பகானில் இருந்த நானாதேசி விண்ணகர் ஆழ்வார் கோயிலுக்கு ஒரு மண்டபம் செய்து, திருக்கதவு இட்டு, அந்த மண்டபத்தில் நின்று எரிவதற்கு ஒரு நிலைவிளக்கும் கொடுத்தார் என்பதே அதன் செய்தி. பல தேசத்து வணிகர்களின் பெயரைத் தாங்கிய கோயிலில், கேரளக் கரையிலிருந்து வந்தவர் தம் கொடையைத் தமிழில் பதித்திருக்கிறார். மண்டபம் எதன் குறியீடு என்று அவர் சொல்லவில்லை. ஊரையும் பேரையும் சொல்லி, கொடுத்த பொருள்களை ஒவ்வொன்றாகக் குறிப்பிட்டிருக்கிறார். அந்தக் கோயில் அவருக்கு என்னவாக இருந்தது என்பதை அந்தச் சில வரிகளிலிருந்தே என்னால் ஊகிக்க முடிகிறது.

செட்டிநாட்டு வீடுகளைப் பற்றிய பெரிய வண்ணப்பட நூல்களைப் பற்றியும் சொல்லியாக வேண்டும். பர்மா தேக்குத் தூண்கள் செல்வத்தின் அடையாளம் என்று எழுதாத நூல் ஒன்றுகூட என் கண்ணில் பட்டதில்லை. எழுதியதும் ஆத்தங்குடித் தரைக்கும் பெல்ஜியம் கண்ணாடிக்கும் தாவிவிடுகிறார்கள். கீழ்ப் பர்மாவின் 13 முக்கிய நெல் மாவட்டங்களில், உழவர்களுக்கு வட்டிக்குக் கடன் கொடுத்த செட்டியார்களின் கையிலிருந்த நிலம் 1930இல் ஏறக்குறைய 6 விழுக்காடாக இருந்து, நெல் விலை வீழ்ந்து கடன்கள் மூழ்கிய சில ஆண்டுகளிலேயே ஏறக்குறைய 25 விழுக்காடாக ஏறியது. அவர்களின் வட்டிக்கடைகள் இருந்த யாங்கோன் முகல் தெருவின் கோயிலில்தான் அவர்கள் மாதந்தோறும் கூடி நடப்பு வட்டியை முடிவுசெய்தார்கள். தண்டாயுதபாணியின் முன்னிலையில் வட்டி விகிதம் முடிவாகிய இடம் எதைக் குறிக்கிறது என்று எழுத எந்தக் குறியீட்டு நூலும் ஒரு பக்கம் ஒதுக்கவில்லை. பழைய பகையைக் கிளறுவதற்காக இதைச் சொல்லவில்லை. எங்கள் வீட்டாரும் அந்தக் கடைகளில் கணக்கு எழுதிச் சோறு உண்டவர்கள்தாம். ஆனால் அந்தத் தூணைப் பற்றி ஒரு நூல் எழுதும்போது, அது நின்ற காட்டையும் அதை வாங்கிய வட்டியையும் விட்டுவிட்டால், மீதியிருப்பது மெருகு மட்டுமே.

இதையெல்லாம் இப்போது எழுதக் காரணம் இருக்கிறது. அண்மையில் ஒரு கோயிலின் திருப்பணியில், சுவரில் பதித்திருந்த பழைய உபயக் கற்களைப் பெயர்த்தெடுத்துவிட்டுப் பளபளக்கும் டைல்ஸ் ஒட்டியிருக்கிறார்கள். எந்த ஊரார், எந்தத் தொழில் செய்தவர், தூண் கொடுத்தாரா, விளக்குக் கொடுத்தாரா என்ற விவரம் அந்தக் கற்களில்தான் இருந்தது. 1960களில் கடைகளும் தொழில்களும் தேசியமயமாகி நம்மவர்கள் கப்பலேறியபோது குடும்பத் தாள்கள் பெரும்பாலும் தொலைந்துபோயின. பல குடும்பங்களுக்கு அந்தக் கல் ஒன்றே மிச்சம். கோபுரத்துக்குப் புது வண்ணம் பூசுவதில் எனக்கு மறுப்பில்லை, கற்களை மட்டும் உடைக்க வேண்டாம் என்று நிர்வாகக் குழுவினரிடம் கேட்டுக்கொண்டேன். அடுத்த கூட்டத்தில் பேசலாம் என்றார்கள்.

மோல்மேன், பெகு, தாட்டோன் பக்கம் இருக்கிறவர்கள் தங்கள் ஊர்க் கோயிலின் உபயக் கற்களைப் படமெடுத்து இந்தப் பதிவின் கீழே இடுங்கள். ஊர்வாரியாகத் தொகுக்கும் வேலையை நான் செய்கிறேன். எழுத்து பெயின்டுக்கு அடியில் மங்கியிருந்தால் நேராக வெளிச்சம் அடிக்காமல், டார்ச்சைச் சுவரோடு சுவராகப் பக்கவாட்டில் சாய்த்துப் பிடித்து எடுங்கள்; வெட்டெழுத்தின் பள்ளங்களில் நிழல் விழுந்து, பெயரும் ஊரும் படிக்கிற அளவுக்குத் தெரியும்.