தண்ணீர் நின்ற தேதி

அமெரிக்க இயக்குநர் மைக்கல் மூரின் ‘ரோஜர் அண்ட் மீ’ ஆவணப்படத்தை (1989) மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் எங்கள் தாமான் (குடியிருப்பு) இளைஞர்களோடு உட்கார்ந்து மீண்டும் பார்த்தேன். மிச்சிகன் மாநிலத்து ஃபிளிண்ட் நகரில் ஜெனரல் மோட்டார்ஸ் கார் நிறுவனம் ஆலைகளை மூடியதால் வேலையிழந்தவர்களின் கதை அது. வாடகை பாக்கி வைத்தவர்களின் சாமான்கள் தெருவில் இறக்கப்படுவதையும், வளர்ப்பதற்கா கறிக்கா என்று கேட்டு முயல் விற்கும் பெண்ணையும் பார்த்தபோது, தோட்டத்துத் தொழிலாளர் குடியிருப்பான லயத்தைக் காலி செய்த அன்று அம்மிக்கல்லையும் ஏற்றிக்கொள்ளும்படி லாரிக்காரரிடம் கெஞ்சிக்கொண்டு நின்ற அம்மாதான் நினைவுக்கு வந்தார்.

இருந்தும், அந்தப் படம் நிகழ்ச்சிகளின் வரிசையை மாற்றிக் காட்டுகிறது என்று அப்போதே எழுந்த குற்றச்சாட்டு நியாயமானது என்றேன். நிறுவனம் பெரிய அளவில் ஆலை மூடலை அறிவித்தது 1986இல். பின்னர் அமெரிக்க அதிபரான ரீகன் ஃபிளிண்டுக்கு வந்து வேலையற்றவர்களுக்குப் பீட்சா வாங்கிக் கொடுத்ததோ 1980இல், அவர் அதிபர் வேட்பாளராக இருந்தபோது. அந்நகரின் ஆட்டோவேர்ல்ட் கேளிக்கைப் பூங்கா திறக்கப்பட்டது 1984இல். படத்தில் இவையெல்லாம் அந்த மூடலுக்குப் பின் நடந்தவை போலத் தோன்றுகின்றன. ஒரு பத்தாண்டின் கதையைச் சொன்னதாக மூர் விளக்கம் தந்தார். அந்த விளக்கம் எனக்குப் போதவில்லை.

“அங்கிள், நீங்களும் கம்பெனி பக்கமா?” என்று ஒரு தம்பி கேட்டான்.

இல்லை. படத்தைத் தடுக்க வேண்டும் என்றும் நான் சொல்லவில்லை. தணிக்கை வாரியம் அனுமதித்த மலேசிய இயக்குநர் அமீர் முகமதுவின், கம்யூனிஸ்ட் தலைவர் ஒருவரைப் பற்றிய ஆவணப்படத்தை 2006இல் நம் உள்துறை அமைச்சு தடை செய்ததை நான் இன்றும் ஏற்கவில்லை. மூரின் இன்னொரு படமான ‘ஃபாரன்ஹீட் 9/11’ 2004இல் கான் விழாவின் உயரிய விருதை வென்றது, டிஸ்னி அதை வெளியிட மறுத்தது. அந்த மறுப்பையும் ஏற்க முடியாது. என் வருத்தம் வேறு. நம் பக்கம் நின்று பேசுபவர் ஒரு தேதியை நகர்த்தினால், எதிராளி மற்ற அனைத்தையும் விட்டுவிட்டு அதை மட்டும் பிடித்துக்கொள்வான்.

எங்கள் தோட்டம் கைமாறியபோது நடந்தது இதுதான். நட்டஈட்டுப் பேச்சில், காலி செய்யச் சொல்லும் நோட்டீஸ் வரும் முன்பே தண்ணீரை நிறுத்திவிட்டார்கள் என்று எங்களில் ஒருவர் ஆத்திரத்தில் சொல்லிவிட்டார். உண்மையில் நிறுத்தியது பதினோரு நாள் கழித்து. அதன்பின் அந்த அறையில் பேச்செல்லாம் அந்தப் பதினோரு நாளைப் பற்றியே இருந்தது. பிள்ளைகள் ஆற்றில் தண்ணீர் மொண்டு வந்ததைப் பற்றி ஒருவரும் கேட்கவில்லை. சரியான தேதி எங்கள் வீட்டிலேயே இருந்தது: அப்பாவின் 555 என்ற சிறு கணக்குப் புத்தகத்தில், கடைக்கணக்குக்குக் கீழே, பென்சிலில், “இன்று பைப்பில் தண்ணீர் இல்லை” என்று. அதை எடுத்துப் போக எங்களுக்குத் தோன்றவில்லை.