கட்டாய ஓய்வு ஒரு தண்டனை, பென்ஷன் வெட்டு இன்னொரு தண்டனை

“தப்புப் பண்ணித்தானே வீட்டுக்கு அனுப்பினாங்க, அவருக்கு எதுக்குப் பென்ஷன்?” கட்டாய ஓய்வில் போனவர்களைப் பற்றிப் பேச்சு எடுத்தாலே இந்தக் கேள்வி வந்துவிடும். வெளியாட்கள் கேட்டால் பரவாயில்லை, சர்வீஸில் இருப்பவர்களே கேட்கிறார்கள்.

முதலில் ஒரு குழப்பத்தைத் தீர்த்துவிடுகிறேன். 50, 55 வயதில் ‘பொதுநலன் கருதி’ அனுப்புவதையும் கட்டாய ஓய்வு என்றே சொல்கிறார்கள். மத்திய அரசில் அதற்கு அடிப்படை விதி 56(ஜே). அது தண்டனை இல்லை, ஓய்வூதியத்திலும் வெட்டு இல்லை. நான் பேசுவது சார்ஜ் மெமோ (குற்றச்சாட்டுக் குறிப்பாணை), விசாரணை எல்லாம் முடிந்து தண்டனையாகத் தரும் கட்டாய ஓய்வு.

மத்திய அரசின் 1965 ஒழுங்கு விதிகளில் பெரிய தண்டனைகளின் கடைசி மூன்று படிகள் கட்டாய ஓய்வு, ரிமூவல் (பணிநீக்கம்), டிஸ்மிஸல் (பணியறவு). பின்னால் உள்ள இரண்டில் ஒன்று விழுந்தால் பார்த்த சர்வீஸ் அத்தனையும் போச்சு, பென்ஷனும் போச்சு. அதிகாரி மனசு வைத்தால் மூன்றில் இரண்டு பங்குக்கு மிகாமல் கருணைப் படி கிடைக்கலாம். கட்டாய ஓய்வில் அப்படி இல்லை, பழைய சர்வீஸ் நிற்கும். டிஸ்மிஸ் செய்ய அதிகாரம் இருந்தும் ஒரு அதிகாரி அதைச் செய்யவில்லை என்றால் என்ன அர்த்தம்? இந்த ஆள் இனி வேலைக்கு வேண்டாம், ஆனால் இத்தனை வருஷம் உழைத்ததைப் பறிக்கும் அளவுக்குக் குற்றம் இல்லை என்று அவரே முடிவு செய்திருக்கிறார். “எதுக்குப் பென்ஷன்” என்று கேட்பவர்களுக்கு இதுதான் என் பதில். அவரால் அரசுக்கு நஷ்டம் என்றால் அதை வசூலிக்கத் தனி விதிகள் இருக்கின்றன.

அப்புறம் எங்கே சிக்கல்? மத்திய அரசு ஓய்வூதிய விதிகளின் 40ஆம் விதியில். கட்டாய ஓய்வு பெற்றவருக்கு ஓய்வூதியமும் பணிக்கொடையும் (கிராஜுவிட்டி) மூன்றில் இரண்டு பங்குக்குக் குறையாமல், முழு அளவுக்கு மிகாமல் தரலாம் என்கிறது அது. குடியரசுத் தலைவரின் ஆணையில் முழுசுக்குக் குறைத்தால், யு.பி.எஸ்.சி. என்னும் மத்தியப் பணியாளர் தேர்வாணையத்தைக் கலந்தாலோசிக்க வேண்டும். குறைந்தபட்ச ஓய்வூதியத்துக்கும் கீழே போகக் கூடாது.

நடப்பில் இந்த வெட்டு எப்படி வருகிறது என்று பாருங்கள். குற்றச்சாட்டு, சாட்சியம், விசாரணை அறிக்கை, ஊழியரின் விளக்கம் என்று ஆணை பக்கம் பக்கமாகப் போகும். கடைசிப் பத்தியில், கையெழுத்துக்குக் கொஞ்சம் மேலே, ‘மூன்றில் இரண்டு பங்கு ஓய்வூதியத்துடன் கட்டாய ஓய்வு’ என்று ஒரே வரி. ஏன் முழுசு இல்லை என்பதற்கு ஒரு வார்த்தை இருக்காது.

அந்த ஒரு வரியின் விலையைக் கணக்குப் போடுவோம். முழு ஓய்வூதியம் மாதம் 30,000 ரூபாய் வர வேண்டியவருக்கு 20,000 வரும். 52 வயதில் வெளியே வந்து 75 வயது வரை இருந்தால், இழப்பு 27 லட்சத்து 60 ஆயிரம். அகவிலை நிவாரணத்தைச் சேர்க்கவில்லை, பணிக்கொடையில் போனதையும் சேர்க்கவில்லை. இத்தனை லட்சத்தை அபராதம் என்று நேரடியாக எழுதச் சொன்னால் எந்த அதிகாரிக்கும் கை நடுங்கும். பங்குக் கணக்கில் எழுதும்போது நடுங்குவதில்லை.

ஓய்வூதியம் அரசு போடும் பிச்சை இல்லை என்பது பழைய தீர்ப்பு. 1971இல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றத்தில் அதைச் சொத்துரிமை என்றார்கள். 1982இல் நகாரா வழக்கில் அது கருணைக் கொடை அல்ல என்பதை இன்னும் அழுத்திச் சொன்னார்கள். பொதுத்துறை வங்கிகளிலும் 1995 ஓய்வூதிய ஒழுங்குமுறைகளில் இதே மூன்றில் இரண்டு பங்கு விதி 33ஆம் பிரிவாக இருக்கிறது. அங்கே யு.பி.எஸ்.சி.க்குப் பதில் இயக்குநர் குழு. 2025 ஜூலையில் சென்ட்ரல் பேங்க் ஆஃப் இந்தியா வழக்கில், குழுவைக் கேட்காமல் மூன்றில் ஒரு பங்கை வெட்டியதை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. முன்கூட்டியே கேட்டாக வேண்டும், பிறகு வாங்கும் ஒப்புதல் செல்லாது என்றது.

நல்ல தீர்ப்புதான். ஆனாலும் எனக்கு முழுத் திருப்தி இல்லை. குழுவின் முன்னால் வைத்து ‘கேட்டாயிற்று’ என்று கோப்பில் எழுத ஐந்து நிமிடம் போதும். வேலையை விட்டு அனுப்புவது ஒரு தண்டனை, ஓய்வூதியத்தை வெட்டுவது இரண்டாவது தண்டனை. இரண்டாவதுக்குத் தனி நோட்டீஸ், தனி விளக்கம், தனிக் காரணம் வேண்டும் என்று விதியிலேயே எழுத வேண்டும். முழு ஓய்வூதியம்தான் வழக்கம், வெட்டு விதிவிலக்கு என்று ஆக வேண்டும். இன்று பல ஆணைகளில் அது தலைகீழாக இருக்கிறது.

2004 ஜனவரி முதல் மத்திய அரசில் சேர்ந்தவர்கள் பெரும்பாலும் என்.பி.எஸ்.காரர்கள் (தேசிய ஓய்வூதியத் திட்டம்), அவர்கள் கணக்கே வேறு. அதைத் தனியாக எழுதுகிறேன்.

இப்போது கையில் ஆணை வைத்திருக்கும் மத்திய அரசு ஊழியர் யாராவது இதைப் படித்தால்: மேல்முறையீட்டுக்கு 45 நாள்தான். வேலை போன வேதனையில் எல்லோரும் குற்றச்சாட்டைப் பற்றியே பக்கம் பக்கமாக எழுதுகிறார்கள். ஓய்வூதிய வெட்டுக்குக் காரணம் சொல்லப்பட்டிருக்கிறதா என்று பார்த்து, இல்லை என்றால் அதைத் தனி வாதமாகத் தனித் தலைப்பில் எழுதுங்கள்.