வெட்டாமல் விட்டவர்

எடிட்டிங் நன்றாக இருந்தது என்று நாம் சொன்னால், கட் வேகமாக இருந்தது என்றுதான் பெரும்பாலும் அர்த்தம். அந்தக் கணக்கில் ஜோனதன் மோரிஸ் ஒன்றுமே செய்யாத ஆள். பிரிட்டிஷ் இயக்குநர் கென் லோச்சின் படங்களை முப்பது வருடத்துக்கும் மேலாகத் தொகுத்தவர்.

நேற்றிரவு ‘ஐ, டேனியல் பிளேக்’ (2016) மறுபடி பார்த்தேன். இங்கிலாந்தின் நியூகாசிலில் ஓர் உணவு வங்கி, அதாவது இல்லாதவர்களுக்கு இலவசமாகச் சாப்பாட்டுப் பொருள் தரும் இடம். பிள்ளைகளுக்குக் கொடுத்துவிட்டுத் தான் பட்டினி கிடக்கும் கேட்டி, தன்னார்வலப் பெண் ஒருத்தியோடு அலமாரி அலமாரியாக நடக்கிறாள். பை நிரம்புகிறது. நாப்கின் இருக்கிறதா என்று கேட்கிறாள், இல்லை. அப்புறம் யாரும் எதிர்பாராத நேரத்தில் ஒரு டின்னைத் திறந்து, உள்ளே இருப்பதைக் கையில் கொட்டி வாயில் திணித்துக்கொள்கிறாள். என்ன செய்தோம் என்று உறைத்ததும் உடைந்துபோகிறாள்.

இதே காட்சி என் கையில் கிடைத்திருந்தால் அந்த அலமாரி நடையைப் பாதியாகக் குறைத்திருப்பேன். விஷயம் டின்தானே! மோரிஸ் குறைக்கவில்லை. சலிப்பு தட்டும் அளவுக்கு நம்மையும் கூடவே நடக்கவிட்டார். அதனால்தான் அந்த டின் அப்படி அடிக்கிறது.

லோச் கதை வரிசைப்படியே படம்பிடிப்பவர். அடுத்து என்ன வரும் என்பதை நடிகர்களுக்கு முழுதாகச் சொல்வதும் இல்லை. முதல் டேக்கில் விழுந்த திகைப்பு இரண்டாவதில் இருக்காது. குறுக்கே யாராவது வந்து மறைத்தாலும், எடிட்டர் அந்த முதல் டேக்கை வைத்துத்தான் காட்சியைக் கட்ட வேண்டும். சுத்தமான ஷாட்டா, உண்மையான ஷாட்டா என்றால் மோரிஸ் எதை எடுப்பார் என்று படம் பார்த்தாலே தெரியும்.

‘ஜிம்மிஸ் ஹால்’ (2014) வரைக்கும் இவர்கள் ஸ்டீன்பெக் மேசையில் பிலிமையே வெட்டி ஒட்டிக்கொண்டிருந்தார்கள். படச்சுருளும் ஒலிச்சுருளும் தனித்தனி; இரண்டும் பிசகாமல் சேர, ஓரத்தில் ஒரே நம்பரை அச்சடிக்க வேண்டும். அப்படி அச்சடிக்கும் மை நாடா தீரப்போகிறது என்று லோச் பொதுவில் கேட்க, அனுப்பிவைத்தது யார் தெரியுமா? கம்ப்யூட்டரிலேயே படம் செய்யும் பிக்சார்! இதை வைத்துப் பிலிம்தான் உசத்தி என்று நான் சொல்லவரவில்லை. அலமாரி நடையை ஆவிட் என்ற கம்ப்யூட்டர் எடிட்டிங் மென்பொருளிலும் விட்டுவைக்கலாம், மனசு வந்தால்.

2017 பாஃப்டாவில், அதாவது பிரிட்டனின் பெரிய திரைப்பட விருதுகளில், ‘ஐ, டேனியல் பிளேக்’ ஐந்து பரிந்துரைகள் பெற்றது, சிறந்த பிரிட்டிஷ் படம் என்ற விருதையும் வாங்கியது. அந்த ஐந்தில் எடிட்டிங் இல்லை. எடிட்டிங் விருது ஒரு போர்ப் படத்துக்குப் போனது.