125 கேண்டியும் ஒரு வியாழக்கிழமை ராத்திரியும்

போன வியாழக்கிழமை ராத்திரி பதினொன்னே முக்காலுக்கு, கொசுவலைக்குள்ள உக்காந்துக்கிட்டு, நான் ஒரு மெட்டாங்கை மெட்டாகிராஸா மாத்தினேன். போக்கிமான் கோ விளையாடுறவங்களுக்கு இந்த ஒரு வரி போதும், இப்பவே நெஞ்சுல கை வெச்சிருப்பீங்க. மத்தவங்க கொஞ்சம் பொறுமையா கேளுங்க, ஊரைச் சுத்தி நடந்து போன்ல விதவிதமான மிருகங்களைப் பிடிச்சு வளர்க்கிற விளையாட்டு அது. யார்கிட்டயாவது கொட்டலைன்னா எனக்கு இன்னிக்கும் தூக்கம் வராது.

மெட்டாகிராஸ்னா நாலு இரும்புக் கால் வெச்ச, ராட்சச நண்டு மாதிரி ஒரு உருப்படி. ஆரம்பத்துல பெல்டம்னு ஒரு கம்பித் துண்டு மாதிரி இருக்கும். அதை அடுத்த உருவத்துக்கு மாத்த கேண்டின்னு ஒரு தீனி சேர்க்கணும். 25 கேண்டி குடுத்தா மெட்டாங். மேல 100 குடுத்தா மெட்டாகிராஸ். ஆக மொத்தம் 125. கேண்டி அந்தந்த வகைக்குத் தனித்தனி. புறாவோட கேண்டியை எடுத்து பெல்டமுக்கு ஊட்ட முடியாது. ஒண்ணைப் பிடிச்சா 3 கேண்டி, அதையே திருப்பி அனுப்பினா இன்னொண்ணு. பைனாப் பழம் போட்டுப் பிடிச்சா 3 வந்த இடத்துல 6. கணக்கு கேக்க நல்லாத்தான் இருக்கு, பெல்டம் கண்ணுல பட்டாத்தானே? எங்க ஏரியாவுல புறாவும் எலியும்தான். அதனால கூட்டாளியா வெச்சு நடந்தே சம்பாதிக்கணும். பெல்டமுக்கு 5 கிலோமீட்டர் நடந்தா ஒரு கேண்டி. ஒண்ணே ஒண்ணு.

அந்த 125ல 40 நான் நடந்து சேர்த்தது. 200 கிலோமீட்டர்! சென்னைல இருந்து அப்படியே நேரா நடந்திருந்தா உளுந்தூர்பேட்டைல நின்னு டீ குடிச்சிருக்கலாம். நான் எங்க போனேன்? பக்கத்துப் பார்க்கையே செக்குமாடு மாதிரி சுத்தி வந்தேன். தினமும் வாக்கிங் வர்ற பெரியவர் ஒருத்தர் ஒரு நாள் நிறுத்தி, "சுகராம்மா?"ன்னு கேட்டார். பெல்டம்னா சொல்ல முடியும்? "பார்டர்ல இருக்கு சார்"னு சொல்லிட்டு வந்தேன். அதுல இருந்து என்னைப் பாக்கும்போதெல்லாம் வெந்தயம் ஊறவெச்சுக் குடிக்கச் சொல்றார்.

மீதியில முக்கால்வாசி சிறுவாடு. அம்மா அஞ்சறைப் பெட்டிக்கு அடியில பத்தும் இருபதுமா ஒளிச்சு வெப்பாங்களே, அந்த மாதிரி ரெய்டுல, அதாவது பல பேர் சேர்ந்து ஒரு பெரிய மிருகத்தை அடிக்கிற சண்டையில, ஜெயிச்ச ரேர் கேண்டியைத் தொடாம ஒதுக்கி வெச்சது. அது ஒண்ணைத்தான் எந்த வகைக்கு வேணும்னாலும் மாத்திக்க முடியும்.

இவ்வளவும் சேர்த்து, வியாழக்கிழமை ராத்திரி பட்டனை அழுத்தினேன். சனிக்கிழமை காலைல காபி ஆத்திக்கிட்டே போனைப் பாக்கிறேன், அறிவிப்பு வந்திருக்கு. அடுத்த வாரம் ஒரு நிகழ்ச்சி, அந்த நேரத்துல மெட்டாங்கை எவால்வ் பண்ணினா, அதாவது அடுத்த உருவத்துக்கு மாத்தினா, மீட்டியார் மேஷ்ங்கிற அடி தானா வரும்னு.

மீட்டியார் மேஷ் இல்லாத மெட்டாகிராஸ் சும்மா இரும்புக்கடைச் சாமான். அந்த ஒரு அடிக்காகத்தான் எல்லாரும் அதை வளர்க்கிறதே. 2018 அக்டோபர்ல கம்யூனிட்டி டேங்கிற சிறப்பு நாள்ல முதல்ல குடுத்தாங்க. அவங்க சொல்ற நேரத்துக்குள்ள எவால்வ் பண்ணினவங்களுக்குத்தான் அது. அந்த நேரம் தவறினா, அடியை மாத்துறதுக்குன்னு இருக்கிற சாதாரண டிஎம் எத்தனை கொட்டினாலும் வராது. எலீட் டிஎம்னு ஒண்ணு வேணும். அது குறிஞ்சிப்பூ. என்கிட்ட இருந்த ஒண்ணையும் போன வருஷம் ஒரு சாரிஸார்டுக்கு அள்ளிக் குடுத்துட்டேன், அந்த சாரிஸார்டு இன்னிக்கு வரைக்கும் பொட்டியில தூங்குது.

இதெல்லாம் எனக்குத் தெரியாதான்னு கேட்டா, தெரியும். அதுதான் வயித்தெரிச்சலே. நான் ஆடிட்டர் ஆபீஸ்ல கணக்கு பாக்கிறவ. 2017ல ஜிஎஸ்டி வந்த நாள்ல இருந்து ஒரு மாசம் கூட 20ஆம் தேதி கெடுவைத் தவற விட்டதில்ல. இந்த விளையாட்டுக்குன்னு தனி எக்ஸெல் வெச்சிருக்கேன். வகை, கையிருப்பு, தேவை, பற்றாக்குறை, எந்த நிகழ்ச்சிக்குக் காத்திருக்கணும்னு அஞ்சு பத்தி. மெட்டாங் வரிசையில சிவப்புல நானே எழுதி வெச்சிருக்கேன்: "தொடாதே". பதினோரு மாசம் தொடல. வெள்ளிக்கிழமை ஒரு ஃபேரி வகை ரெய்டுக்கு ஆபீஸ்ல நாலு பேர் சேர்ந்தோம், இரும்பு வகை ஒண்ணு இருந்தா நல்லா இருக்கும்னு தோணுச்சு, கை போயிடுச்சு. அந்த ரெய்டும் தோத்துப் போச்சு, அது வேற.

அக்கா பையனுக்குப் போன் போட்டேன். எட்டாவது படிக்கிறான், இந்த விஷயத்துல எனக்கு குரு.

"சித்தி, மெட்டாங்கை வெச்சிருக்கீங்கல்ல?"

"இல்லடா. பண்ணிட்டேன்."

"எப்போ?"

"வியாழக்கிழமை."

அந்தப் பக்கம் சத்தமே இல்ல. அப்புறம் துக்கம் விசாரிக்கிற குரல்ல, "விடுங்க சித்தி. இன்னொரு பெல்டம் எடுத்து நடங்க"ங்கிறான்.

நடக்கணுமாம்! இந்த விளையாட்டுல எந்தப் பக்கம் திரும்பினாலும் இதே கதைதான். சேர்த்து வெச்சுக் காத்திருந்தா காத்திருந்தே கிழவி ஆயிடுவோம். பொறுக்க முடியாம செலவு பண்ணினா, பண்ணின மூணாம் நாள் இதுக்குத்தான் அது வேணும்னு வந்து நிக்கும். கேண்டியாவது பரவால்ல, லெவல் ஏத்தக் குடுக்கிற ஸ்டார்டஸ்ட்னு ஒரு தூள் இருக்கே, அது எல்லாத்துக்கும் பொது. பொதுன்னா குடும்பத்துல ஒரே சம்பளம் மாதிரி, பத்து கை நீளும். ஒரு மிருகத்தை ஒண்ணாம் லெவல்ல இருந்து 40 வரைக்கும் ஏத்த 2,70,000 ஸ்டார்டஸ்ட். சாதாரணமா ஒண்ணு பிடிச்சா 100. அப்போ 2,700 தடவை பந்து எறியணும். ஒரே ஒரு ஜீவனுக்கு! மெட்டாகிராஸுக்கு ரெண்டாவது அடி கத்துக்கொடுக்கணும்னா தனியா 75,000, கூட 75 கேண்டி. அதுக்கு மேல 40ல இருந்து 50க்குப் போக எக்ஸ்எல் கேண்டின்னு தனி ரகம், அதுல 296. கையில அது இல்லைன்னா 100 சாதா கேண்டியைக் குடுத்து ஒரு எக்ஸ்எல் வாங்கிக்கலாமாம். கந்துவட்டிக்காரன் கூட இந்த விகிதத்தைக் கேட்டா கொஞ்சம் கூச்சப்படுவான்.

சரி, எதையும் எவால்வ் பண்ணாம எல்லாத்தையும் பத்திரமா வெச்சுக்கலாம்னா வெக்கிறதுக்கு இடம்? பொட்டி எப்பவும் நிறைஞ்சு வழியும். 50 இடம் கூட்ட 200 காயின். காயின் வேணும்னா ஒண்ணு காசு குடுக்கணும், இல்ல ஜிம்ல, அதாவது ஊருக்குள்ள விளையாட்டு குறிச்சு வெச்ச சண்டை மேடையில, நம்ம ஆளைக் காவலுக்கு நிறுத்தணும். பத்து நிமிஷத்துக்கு ஒரு காயின், ஒரு நாளைக்கு 50தான் உச்சவரம்பு. அதாவது எட்டு மணி இருபது நிமிஷம் காவல் நின்னா ஒரு நாள் கூலி. ஆனா நம்ம ஆள் அடி வாங்கி வீட்டுக்குத் திரும்பினாத்தான் காசு கைக்கு வரும். எங்க தெருக்கோடி பிள்ளையார் கோயில் ஜிம்ல என்னோட பிளிஸ்ஸி ஒன்பது நாள் நின்னா. ஒன்பது நாள்! திரும்பி வந்தப்போ கையில 50. அதே ராத்திரி 11:50க்கு ஸ்கூல் வாசல் ஜிம்ல இருந்து இன்னொண்ணும் வந்து சேர்ந்துச்சு, அதுக்குப் பூஜ்யம், ஏன்னா அன்னிக்குக் கோட்டா முடிஞ்சுது. பத்து நிமிஷம் கழிச்சு அடிச்சிருந்தா அடுத்த நாள் கணக்குல வந்திருக்கும். அடிச்ச புண்ணியவானுக்கு அது எங்க தெரியப்போகுது.

கோயில்னு சொன்னதும் ஞாபகம் வருது. 2016ல குஜராத் உயர் நீதிமன்றத்துல, வழிபாட்டு இடங்கள்ல முட்டை காட்டுதுன்னு இந்த விளையாட்டு மேல ஒரு பொதுநல வழக்கு போட்டாங்க. அப்போ இது இந்தியாவுல அதிகாரபூர்வமா வெளியாகவே இல்ல, வந்தது அந்த டிசம்பர்லதான். வழக்கு போட்டவங்க இந்த 50 காயின் விஷயத்துக்கும் சேர்த்து ஒரு மனு போட்டிருக்கலாம்.

அடுத்தது ஐவி. தாக்குதல், தற்காப்பு, தெம்பு மூணுக்கும் 15க்கு எத்தனைன்னு மார்க். மூணும் 15 வந்தா நூத்துக்கு நூறு, மீதியெல்லாம் குப்பைன்னு ரெண்டு வருஷம் நம்பிக்கிட்டு, தாக்குதல் பூஜ்யம் வந்ததையெல்லாம் பார்த்துப் பார்த்துத் திருப்பி அனுப்பினேன். அப்புறம்தான் குருநாதர் சொல்றார், கிரேட் லீக்ங்கிற போட்டியில சிபி, அதாவது மொத்த பலத்துக்கான புள்ளி, 1500ஐத் தாண்டக்கூடாது, சிபி கணக்குல தாக்குதலுக்குத்தான் எடை அதிகம், அதனால தாக்குதல் கம்மியா, மத்த ரெண்டும் 15ஆ இருக்கிறதுதான் தங்கம்னு. தங்கத்தை எல்லாம் நானே வாரி வாரிக் குப்பையில போட்டிருக்கேன். மிச்சம் இருந்த ஒரு மார்ஷ்டாம்பை பொத்திப் பொத்தி வளர்த்து, ஆசைப்பட்டு ரெண்டு தடவை அதிகமா பவர் அப் பண்ணித் தொலைச்சேன். அதுக்கு மேல அதை ஸ்வாம்பர்ட் ஆக்கினா 1504. நாலு! நாலு சிபிக்காக லீக் வாசல்லயே நிறுத்திட்டாங்க. பவர் அப் பண்ணினதைக் குறைக்க வழி கிடையாது. வெண்ணெய் திரண்டு வரும்போது தாழி உடையுறதுன்னு எங்க பாட்டி சொல்லும்போது புரியல.

மச்சாம்ப் விஷயத்தை நினைச்சா இன்னும் மோசம். மச்சோக்கை மச்சாம்ப் ஆக்க 100 கேண்டி. குடுத்தேன். ரெண்டு தடவை குடுத்தேன். 2020ல இருந்தே, மச்சோக்கை இன்னொருத்தர்கிட்ட டிரேட்ல வாங்கினா கேண்டியே இல்லாம எவால்வ் ஆகும். டிரேட் பண்ண சாதாரணமா ரெண்டு பேரும் 100 மீட்டருக்குள்ள இருக்கணும். அக்கா பையன் அப்போ எங்க இருந்தான்? அதே சோபாவுல, என் தோள்ல சாஞ்சுக்கிட்டு முறுக்கு தின்னுக்கிட்டு இருந்தான். "நீங்க கேக்கவே இல்லயே சித்தி"ங்கிறான்.

ஒவ்வொண்ணுக்கும் ஒவ்வொரு வேண்டுதல் வேற. ஃபீபாஸ்னா 20 கிலோமீட்டர் கூட்டிட்டு நடக்கணும். பாஞ்சம்னா கூடவே வெச்சுக்கிட்டு 32 டார்க் வகை பிடிக்கணும். கிம்மிகூலுக்கு 999 நாணயம், அதைப் பத்திப் பேசவே வேணாம். இன்கே (Inkay)ன்னு கணவாய் மீன் மாதிரி ஒண்ணு இருக்கு, அதை எவால்வ் பண்ணணும்னா போனைத் தலைகீழா பிடிக்கணும். சத்தியமா. கேண்டி 50 சேர்ந்தும் பட்டன் ஒளிரவே இல்லைன்னு ஒரு வாரம் மண்டையை உடைச்சுக்கிட்டு, கடைசியில பஸ்ல வரும்போது படிச்சுத் தெரிஞ்சுக்கிட்டேன். அங்கேயே போனைத் திருப்பிப் பிடிச்சு, தலையைச் சாச்சு, கழுத்தை வளைச்சுப் பாத்துக்கிட்டு இருக்கேன். பக்கத்து சீட்டு அம்மா கொஞ்ச நேரம் பாத்துட்டு, "போன் தலைகீழா இருக்கு கண்ணு"ன்னு அன்பா வாங்கி நேராக்கிக் குடுத்தாங்க. ரெண்டு தடவை. மூணாவது தடவை நான் இறங்கிட்டேன், என் ஸ்டாப் அது இல்ல.

கம்யூனிட்டி டே மதியம் 2 மணியில இருந்து 5 மணி வரைக்கும். உள்ளூர் நேரப்படி. இந்த நேரத்தைக் குறிச்சவங்களை ஒரே ஒரு தடவை மே மாசம் கத்திரி வெயில்ல மெரினாவுல கொண்டு வந்து நிறுத்தணும். போன் சூடாகி மூஞ்சி காட்டாது, வெளிச்சத்துல திரையில ஒண்ணும் தெரியாது, தொப்பி போட்டுக்கிட்டு மோர் பாக்கெட்டைக் கடிச்சுக்கிட்டு நாங்க இருபது முப்பது பேர் லைட்ஹவுஸ் பக்கம் நிழல் தேடி அலைவோம். அவங்க குடுக்கிற கெடுவை விட்டா அந்த அடி போச்சு, டிசம்பர்ல மறுபடி குடுத்தா உண்டு. இப்படி வெந்து நொந்து எத்தனை தடவை போயிருக்கேன்! ஒழுங்கா போனவளுக்கு ஒரு வியாழக்கிழமை ராத்திரி கையைக் கட்டிக்கிட்டு இருக்கத் தெரியல.

எக்ஸெல்ல அந்த வரிசையை அழிக்க மனசு வரல. "தொடாதே"ங்கிறதை அப்படியே விட்டுட்டு கையிருப்பை 3ன்னு மாத்தி வெச்சிருக்கேன். நேத்து ஒரு பெல்டம் பிடிபட்டுச்சு, பைனாப் தீர்ந்து போச்சு, அதான் 3. ஐவியும் சுமார்தான், பாத்தேன். இப்போ அதுதான் கூட்டாளி. திரையில என் பக்கத்துல மிதந்துக்கிட்டு ஒத்தைக் கண்ணால முறைக்குது.

அம்மா உள்ள இருந்து மூணாவது தடவை கத்துறாங்க, தோசை மாவு வாங்கிட்டு வரணுமாம். கடை எதிர்த்தெருவுல, நானூறு மீட்டர் கூட இருக்காது. பார்க்கைச் சுத்தி, தண்ணித்தொட்டி வழியா போனா ஒன்னே கால் கிலோமீட்டர் வரும். செருப்பை மாட்டிட்டேன்.